தம்பியின் கிட்னி பயாப்ஸி: பாரஃபின் பிளாக்கில் இம்யூனோஃபுளோரசன்ஸ் எங்கே செய்கிறார்கள்?

எல்லாருக்கும் வணக்கம். அவசரமாக ஒரு தகவல் வேணும்.

தம்பிக்கு 24 வயசு. தொண்டைவலி வந்த மறுநாளே சிறுநீர் கடுங்காப்பி நிறத்தில் போச்சு. சூடு என்று நினைத்து இளநீர் வாங்கிக் கொடுத்தோம். அடுத்த சளிக்கும் அதே மாதிரி வரவும் பயந்துபோய் டெஸ்ட் எடுத்தால் கிட்னி எப்படி வேலை செய்யுது என்று காட்டும் ரத்தக் கிரியேட்டினின் 1.8, 24 மணி நேரச் சிறுநீரில் புரதம் 2 கிராம். ஐஜிஏ நெஃப்ரோபதியாக (ஐஜிஏ என்ற எதிர்ப்புப் புரதம் கிட்னி வடிகட்டிகளில் படியும் நோய்) இருக்கலாம் என்று பயாப்ஸி எடுத்தார்கள்.

எடுத்த இரண்டு துண்டையும் ஃபார்மலினில் போட்டுவிட்டார்கள். ஒன்றையாவது தனியாக மிஷெல் திரவத்தில் வைத்திருந்தால் வழக்கமான இம்யூனோஃபுளோரசன்ஸ் (எந்த எதிர்ப்புப் புரதம் படிந்திருக்கு என்று ஒளிரவைத்துக் காட்டும் டெஸ்ட்) பார்த்திருக்கலாம். சாதாரண மைக்ரோஸ்கோப்பில் வடிகட்டியின் நுண்குழாய்களைத் தாங்கும் மெசாஞ்சியல் செல்கள் பெருகியிருப்பது தெரியுது. ஆனால் அங்கே படிந்திருப்பது ஐஜிஏதானா என்று அதை வைத்து அடித்துச் சொல்ல முடியாது. உடம்பின் எதிர்ப்பு சக்தி உடம்பையே தாக்கும் லூபஸ் நோயிலும் இப்படித் தெரியுமே!

மறுபடி ஊசி குத்தவிட மனசே வரல. அன்றைக்கு மணிக்கணக்காக அசையாமல் மல்லாந்து கிடந்தான். ஒவ்வொரு தடவையும் ரத்தம் கலந்திருக்கா என்று அம்மா சிறுநீர் பாட்டிலை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துக்கொண்டே இருந்தாங்க.

பாரஃபின் பிளாக்கையே (துண்டை மெழுகில் பதித்த கட்டி) நொதி போட்டுப் பக்குவப்படுத்தி இம்யூனோஃபுளோரசன்ஸ் செய்யலாம், இல்லாவிட்டால் இம்யூனோஹிஸ்டோகெமிஸ்ட்ரி (அதே புரதத்தை நிறமேற்றிக் காட்டும் டெஸ்ட்) பார்க்கலாம் என்கிறார்கள். சென்னை, வேலூர், மதுரையில் யாராவது செய்திருக்கீங்களா? பிளாக்கை கூரியரில் அனுப்பலாமா, நேரில்தான் கொடுக்கணுமா? செலவு எவ்வளவு ஆகும்? ஸ்டீராய்டு ஆரம்பிக்கும் முன் தெரிஞ்சாகணும். இன்பாக்ஸில் சொன்னாலும் சரி.