பழைய நாடக நோட்டீஸ், பாட்டுப் புஸ்தகம் எல்லாம் எங்க போய் தேடுறது?

ஆர்மோனிய வீடு
எல்லாருக்கும் வணக்கம். எங்க அம்மாவோட தாத்தா புதுக்கோட்டை பக்கம் ஸ்பெஷல் நாடகத்துக்கு ஆர்மோனியம் வாசிச்சவரு, 1909ல பொறந்தவரு. போன மாசம் வீட்டை இடிக்கறப்போ அவரு ட்ரங்க் பெட்டில ஏழெட்டு நாடக நோட்டீஸும் அட்டை போன மூணு பாட்டுப் புஸ்தகமும் கிடைச்சுது, தொட்டா ஓரம் உதிருது. அவரையும் அவரு கூட ஆடினவங்களையும் பத்தி எழுதணும்னு ஆசை. ஆனா சங்கரதாஸ் சுவாமிகள், கிட்டப்பா, கே.பி.சுந்தராம்பாள்னு பெரிய பேருங்க பத்திதான் கிடைக்குது, ஊர் ஊரா போய் ராத்திரி முழுக்க வாசிச்ச ஆளுங்க பேரு எங்கயும் இல்ல. எங்க ஊர் லைப்ரரில கேட்டா நாடகத் திறனாய்வு புஸ்தகம் எடுத்துக் குடுக்குறாங்க. எங்கேர்ந்து ஆரம்பிக்கிறது?

மைக்ரோபிலிம்
தங்கச்சி, மொதல்ல அந்த நோட்டீஸை லேமினேட் பண்ணிடாதீங்க, செலோ டேப்பும் வேணாம், பசை ஊறி எழுத்தையே தின்னுடும். வெளிச்சத்துல வச்சு ரெண்டு பக்கமும் போட்டோ எடுத்துட்டு அப்புறம் மத்ததைப் பாருங்க.

ஸ்பெஷல் நாடகத்துல கம்பெனின்னு ஒண்ணு கிடையாதுல்ல, ராஜபார்ட் ஒரு ஊரு, ஸ்திரீபார்ட் ஒரு ஊரு, ஆர்மோனியம் வேற ஊரு, அன்னைக்கு ஒரு ராத்திரி சேர்ந்து ஆடிட்டு காலைல பஸ் ஏறிடுவாங்க. அதனால கணக்கு நோட்டு, பதிவேடுன்னு எதுவும் மிஞ்சாது, யாரு யாரு கூட ஆடினாங்கங்கறதுக்கு அந்த நோட்டீஸ்தான் சாட்சி. உங்க கையில இருக்கறதே ஒரு ஆவணக் காப்பகம்தான்.

அடுத்து சென்னை தரமணில ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம். கோட்டையூர்ல போர்டு எழுதுற தொழில்ல இருந்த முத்தையா செட்டியார் சேர்த்தது, மத்தவங்க குப்பைன்னு தூக்கிப் போட்ட நோட்டீஸ், கல்யாணப் பத்திரிகை, காலணா பாட்டுப் புஸ்தகம் எல்லாத்தையும் சேர்த்தாரு. அவரு 1992ல காலமான பிறகு சிகாகோ பல்கலைக்கழகம் வாங்குச்சு, ஆனா கப்பல் ஏத்தாம இங்கயே வச்சு 1994ல நூலகமா ஆக்கினாங்க. போறதுக்கு முன்னாடி கேட்டலாக்ல தேடி நம்பர் குறிச்சிக்கோங்க. தேடறப்போ ஒரு எழுத்துல நிக்காதீங்க, ராமாயணம் இராமாயணம் ரெண்டும் போடணும், பாதி புஸ்தகம் "ஸ்ரீ"ன்னு ஆரம்பிக்கும். நாடகம்னு மட்டும் தேடி இல்லைன்னு திரும்பி வந்தவங்க நிறைய பேரு, சிந்து, கும்மி, கீர்த்தனை, தெம்மாங்கு எல்லாம் போட்டுப் பாருங்க. உங்க ஊர்ப் பக்கமே புதுக்கோட்டைல ஞானாலயா ஆய்வு நூலகம் இருக்கு, அங்க மொதல்ல ஒரு நடை போய்ட்டு வாங்க.

எழும்பூர் வாசகன்
மேல சொன்னதோட ஒண்ணு சேர்க்கணும், இது நிறைய ஆராய்ச்சி மாணவர்களே கண்டுக்காத இடம். 1867ல வந்த அச்சகச் சட்டப்படி அந்தக் காலத்துல அச்சான ஒவ்வொரு புஸ்தகமும் அரசாங்கத்துல பதிவாகணும், மூணு மாசத்துக்கு ஒரு தடவை அந்தப் பட்டியல் அரசாங்க கெஜட்டோட வந்துச்சு. தலைப்பு, எழுதினவரு, அச்சகம், ஊரு, பக்கம், விலை, எத்தனை காப்பி அடிச்சாங்க வரைக்கும் அதுல இருக்கும். புஸ்தகமே இன்னைக்கு இல்லாம போயிருந்தாலும் ஒரு காலத்துல இருந்துச்சுன்னு காட்ட அது போதும். எழும்பூர் தமிழ்நாடு ஆவணக் காப்பகத்துல பார்க்கலாம்.

அதே இடத்துல போலீஸ் சம்பந்தப்பட்ட ஜி.ஓ.க்களையும், அதாவது அரசாணைகளையும், விட்டுடாதீங்க. 1876லேயே நாடகத்தைத் தடுக்க சட்டம் வந்துடுச்சு, சுதந்திரப் போராட்ட காலத்துல மேடையில தேசியப் பாட்டுப் பாடினா கண்காணிப்பு, பாட்டுப் புஸ்தகம் தடை. தடை பண்ணினதோட ஒரு பிரதியை ஆதாரத்துக்குன்னு எடுத்து வச்சாங்க, அதுல நிறைய லண்டன் பிரிட்டிஷ் லைப்ரரில இன்னமும் பத்திரமா இருக்கு. ஜனங்க ஆசையா வாங்கிப் பாடினது பாடிப் பாடியே கிழிஞ்சு போச்சு, அரசாங்கம் பயந்து பிடுங்கினது மிஞ்சியிருக்கு. எனக்கு இதை நினைச்சா இப்பவும் மனசு கனக்கும்.

வடமராட்சி
தங்கச்சி, இலங்கைப் பக்கமும் ஒருக்கா பாருங்கோ. உங்கட நாட்டு நாடகக்காரர் அந்த நாளில கொழும்பு, யாழ்ப்பாணம் எண்டு வந்து ஆடினவை, சுந்தராம்பாளும் கிட்டப்பாவும் ஒண்டா மேடையேறத் தொடங்கினதே இலங்கையிலதான். நூலகம் எண்ட இணையத்தளம் 2005 தொடக்கம் நடக்குது, ஈழகேசரி மாதிரி பழைய பத்திரிகையள் அங்க ஸ்கான் பண்ணிக் கிடக்கு, காசு கட்டத் தேவையில்லை. செய்தியை மட்டும் வாசிக்காமல் விளம்பரப் பக்கத்தையும் ஒவ்வொண்டாத் தட்டிப் பாருங்கோ. 1981ல எங்கட யாழ்ப்பாண நூலகம் எரிஞ்சு 97,000 புத்தகம் போச்சுது. அதுக்குப் பிறகு ஆரின்ரையாவது வீட்டில ஒரு பழைய கடதாசியைக் கண்டாலும் விடுறதில்லை நாங்கள். நீங்களும் ஸ்கான் பண்ணின ஒரு பிரதியை எங்கையாவது ஒரு நூலகத்துக்குக் குடுத்து வையுங்கோ.

ஆர்மோனிய வீடு
எல்லாருக்கும் ரொம்ப நன்றி, இவ்ளோ சொல்லுவீங்கன்னு நினைக்கல. ஒரு சந்தேகம், நோட்டீஸ்ல இங்கிலீஷ் வருஷமே இல்ல, "பிரபவ வருஷம் மாசி மீ" அப்படின்னுதான் போட்டிருக்கு, இதை வச்சு எப்படி கண்டுபிடிக்கிறது?

மைக்ரோபிலிம்
"மீ"ன்னு தெரியறது மாசத்துக்கான பழைய குறி. பிரபவ 60 வருஷத்துக்கு ஒரு தடவை வரும், 1867, 1927, 1987. டிக்கெட் விலை என்ன போட்டிருக்குன்னு பாருங்க.

ஆர்மோனிய வீடு
தரை 2 அணா, பெஞ்சு 4 அணா, நாற்காலி 8 அணா. அப்போ 1987 இல்ல, அவரு பேரு இருக்கறதால 1867ம் இல்ல. பிரபவ மாசின்னா 1928 பிப்ரவரி மார்ச். அண்ணா, அப்போ பூட்டனுக்கு 18, 19 வயசுதான்! கல்யாணத்துக்கு அப்புறம்தான் ஆர்மோனியத்தைத் தொட்டாருன்னு வீட்ல எல்லாரும் சொல்லிட்டு இருந்தாங்க, அவருக்குக் கல்யாணம் ஆனது 1931ல. அம்மாகிட்ட இப்பதான் காட்டினேன், அந்தப் பேரு மேலயே விரலை வச்சிட்டு உட்கார்ந்திருக்காங்க. சனிக்கிழமை ஞானாலயா போறேன், போட்டோவெல்லாம் அன்னைக்கே இங்க போடுறேன்.