பேரூராட்சி கவுன்சிலரான வக்கீல் எம்.பி. தேர்தலுக்கு நிற்கணும்னா எங்கெல்லாம் கவனம் வேணும்?

நாஞ்சில்மணி:
கன்னியாகுமரி மாவட்டம் கல்குளம் தாலுகாவில் பேரூராட்சி கவுன்சிலராக இருக்கும் ஒரு வக்கீலுக்காகக் கேட்கிறேன். கட்சியில் அவர் பேரை சட்டமன்றத்துக்கும் மக்களவைக்கும் பேசிக்கிட்டிருக்காங்க. கவுன்சிலர் பதவியை முதல்லயே விடணுமா? அரசு வழக்கறிஞர் பொறுப்பு தேடி வந்தா ஏத்துக்கலாமா? ஜெயிச்சா கோர்ட்டுக்குப் போக முடியுமா? வேட்புமனுவில் வக்கீல்களே எங்க தப்பு விடுறாங்கன்னும் சொல்லுங்க.

குழித்துறை வக்கீல்:
கவுன்சிலர் பதவியோடவே மனு போடலாம். அது அரசு கொடுக்கிற ஆதாயப் பதவி (வச்சிருந்தா தேர்தலில் நிற்கிற தகுதியே போற, வருமானம் தர்ற பதவி) இல்லை, மக்கள் ஓட்டுப் போட்டுக் கொடுத்தது. ஆனா அந்தப் பதவியில் இருக்கும்போது வக்கீல் தொழிலாலேயே ஒரு ஆபத்து உண்டு, பலர் அதைக் கவனிக்கிறதே இல்லை. உள்ளாட்சிச் சட்டப்படி, தான் உறுப்பினராக இருக்கும் மன்றத்துக்காகச் சம்பளம் வாங்கி வாதாடினாலும், அந்த மன்றத்துக்கு எதிராக வக்காலத்து போட்டாலும் பதவி போயிரும். சொத்துவரி வழக்கு, கட்டட அனுமதி வழக்கு, கடை ஏலத் தகராறு எல்லாம் இதில்தான் வரும். ஜூனியர் பேரில் தாக்கல் பண்ணிட்டு பின்னால நின்னு நடத்துறது நல்லதில்லை, எதிரி அதைத்தான் எடுத்துப் பிடிப்பான். மூணு மாசம் தொடர்ந்து கூட்டத்துக்குப் போகாம இருந்தாலும் பதவி போகும். அதனால மதுரை பெஞ்சுக்கு அடிக்கடி ஓடுறவங்க கூட்டத் தேதியை முதல்ல டைரியில குறிச்சுக்கிடணும்.

அரசு வழக்கறிஞர் பொறுப்பை, தேர்தல் எண்ணம் இருந்தா ஏத்துக்காம இருக்கிறதே நல்லது. ராஜஸ்தானில் ஒரு சிறப்பு அரசு வழக்கறிஞர் சட்டமன்றத்துக்கு ஜெயிச்சதை, ஆதாயப் பதவின்னு சொல்லி ஐகோர்ட் ரத்து பண்ணிச்சு. சுப்ரீம் கோர்ட்டில் அவர் தப்பிச்சது மூணுக்கு ரெண்டு என்ற கணக்கில்தான். ஏற்கெனவே பொறுப்பில் இருந்தா ராஜினாமா கடிதம் மட்டும் போதாது. அதை ஏத்துக்கிட்ட உத்தரவு மனுத் தாக்கலுக்கு முன்னாலயே கையில இருக்கணும்.

எம்.பி. ஆன பிறகும் பிராக்டிஸ் பண்ணலாம். அவங்க முழுநேரச் சம்பள ஊழியர் இல்லைன்னு 2018ல் சுப்ரீம் கோர்ட் சொல்லிட்டுது. மந்திரி ஆனாத்தான் நிறுத்தணும்.

மனுமேசை:
மனுவைப் பத்தி நான் சொல்றேன். மக்களவைக்கு படிவம் 2ஏ. அங்கீகரிக்கப்பட்ட கட்சின்னா முன்மொழிபவர் ஒருத்தர் போதும், சுயேச்சைக்கும் மத்த கட்சிக்கும் பத்துப் பேர் வேணும். அவங்க எல்லாரும் கன்னியாகுமரி தொகுதி வாக்காளரா இருக்கணும். பத்துக்கு பத்து மட்டும் வாங்கிட்டு வந்து, பாகம் எண்ணோ வரிசை எண்ணோ ஒண்ணு பிசகி நிற்கிறது வழக்கமான கதை. நாலு செட் வரை போடலாம், ஒவ்வொரு செட்டிலும் வேற வேற முன்மொழிபவர்களைப் போடுங்க. டெபாசிட் 25,000 ரூபாய், எஸ்.சி., எஸ்.டி.க்கு 12,500. இவர்தான் எங்க வேட்பாளர்னு கட்சி கொடுக்கிற ஏ பாரம், பி பாரம் ரெண்டும் கடைசி நாள் மதியம் 3 மணிக்குள்ள வந்து சேரணும். பேனா கையெழுத்துதான் செல்லும், ஜெராக்ஸ் எடுபடாது.

எல்லாத்தையும் விட மோசமா கோட்டை விடுற இடம் உறுதிமொழி. மனுவைக் கொடுத்த பிறகு, பரிசீலனைக்கு முந்தின நாளுக்குள்ள தேர்தல் அதிகாரி முன்னால அரசியல் சாசன உறுதிமொழி எடுத்தாகணும். மனுவுக்குக் கடைசி நாளுக்கு மறுநாளே பரிசீலனை. அப்படின்னா கடைசி நாள் 2.50க்கு மனு கொடுக்கிறவர் அன்னைக்கே உறுதிமொழியும் எடுக்கணும். மறுநாள் காலையில வந்து வாசிச்சா செல்லாது. கலெக்டர் ஆபீஸை விட்டு இறங்குறதுக்கு முன்னாலயே எடுத்துட்டு, சான்றையும் வாங்கிக்கிடுங்க.

அடுத்தது படிவம் 26, அதாவது வழக்கு, சொத்து விவரம் சொல்ற பிரமாணப் பத்திரம். ஒரு கட்டத்தையும் வெறுமையா விடக்கூடாது, 'இல்லை' ன்னாவது எழுதணும். சுப்ரீம் கோர்ட்டின் 2013 தீர்ப்புக்குப் பிறகு, நோட்டீஸ் கொடுத்தும் நிரப்பாத பிரமாணப் பத்திரத்தால் மனு தள்ளுபடி ஆகும். எல்லாப் பக்கத்திலும் வேட்பாளர் கையெழுத்தும் நோட்டரி முத்திரையும் வேணும். பக்கத்து சீட்டு நண்பர்தானே நோட்டரின்னு கடைசிப் பக்கத்தில் மட்டும் சீல் வாங்கிட்டு வர்றது வக்கீல்களுக்கே உரிய தப்பு.

தேர்தல் செலவுக்குத் தனி வங்கிக் கணக்கை மனுவுக்கு ஒரு நாளாவது முன்னால தொடங்கணும். மக்களவைக்கு உச்சவரம்பு 95 லட்சம், சட்டமன்றத்துக்கு 40 லட்சம். முடிவு வந்த 30 நாளுக்குள்ள கணக்கு கொடுக்காட்டி மூணு வருஷம் வரை தகுதி நீக்கம் வரலாம். தோத்தவங்கதான் இதில் அதிகம் மாட்டுறாங்க. அடுத்த தேர்தல் அவங்களுக்கு அதோட போச்சு.

நாஞ்சில்மணி:
ரொம்ப நன்றி. மறியல் கேஸ் ரெண்டு இருக்கு. ஒண்ணில் இன்னும் குற்றப்பத்திரிகையே வரலை. அதையும் எழுதணுமா?

மனுமேசை:
எழுதணும். எப்.ஐ.ஆர். எண், ஸ்டேஷன், பிரிவு, எந்த நிலையில் இருக்குங்கிறது எல்லாம். மனு வாபஸ் நாளுக்குப் பிறகு நாளிதழிலும் டி.வி.யிலும் மூணு தடவை விளம்பரமும் கொடுக்கணும். வழக்கு நிலுவையில் இருக்கிறதால மனு தள்ளுபடி ஆகாது. மறைச்சதாலதான் பிறகு தேர்தல் வழக்கு வருது, அதுக்கு முடிவு வந்த 45 நாள் எதிராளிக்கு அவகாசம் இருக்கு.

தெங்காப்பட்டணம்:
சட்டம் போதும், தொகுதியைப் பத்தியும் நினைச்சுப் பாருங்க. கவுன்சிலருக்கு ஓடை, தெருவிளக்கு, குடிதண்ணி. மக்களவைக்கு நிற்கிறவருக்கு வேற படிப்பு வேணும். நாகர்கோவில் ஸ்டேஷன் திருவனந்தபுரம் கோட்டத்தில் இருக்கு, மதுரையில் இல்லை. ரயில் கோரிக்கையை எங்க எழுதணும்னு இதிலிருந்தே தெரியும். நாலுவழிச் சாலைக்கு நிலம் போனவங்களோட நஷ்டஈட்டு வழக்குகள், நீரோடியில் இருந்து ஆரோக்கியபுரம் வரை கடலரிப்பு, ஒக்கி புயல்ல ஆள் போன குடும்பங்கள், மலையோரத்தில் ரப்பர் வச்சிருக்கிறவங்களோட தனியார் காடுச் சட்டப் பிரச்சினை. வக்கீல்னா இந்த ஃபைல்கள் அவர் கையில ஏற்கெனவே இருக்கும், அது பெரிய பலம். விளவங்கோடு, கிள்ளியூர் பக்கம் மலையாளமும் பேசத் தெரிஞ்சா இன்னும் நல்லது.

படி ஏறுற மாதிரி ஒண்ணொண்ணா போகணும்னும் இல்லை. நாகர்கோவில் வக்கீல் மார்ஷல் நேசமணி 1952ல் மக்களவை உறுப்பினர், அப்புறம் சட்டமன்றம், 1962ல் திரும்பவும் மக்களவை. 1968ல் அவர் காலமான பிறகு வந்த இடைத்தேர்தலில்தான் காமராஜர் இங்கே நின்னார். 1956 நவம்பர் 1ல் நம்ம நாலு தாலுகா திருவிதாங்கூர்-கொச்சியை விட்டு தமிழ்நாட்டோட சேர்ந்ததுக்குப் பின்னால இருந்த போராட்டத்தில், டெல்லியில் பேசுறதுக்கும் திருவனந்தபுரத்தில் பேசுறதுக்கும் ஆள் தேவைப்பட்டுச்சு. எந்த அவையில் எந்த வேலை முடியும்னு பார்த்துப் போனவர் அவர்.

நடைமுறையில இன்னொண்ணு. உள்ளாட்சியில் பெண்களுக்குப் பாதி இடம், சுழற்சியும் வரும், அடுத்த தடவை அந்த வார்டு அவருக்குக் கிடைக்காமப் போகலாம். அதனால வார்டுக்கு வெளியே ஆறு சட்டமன்றத் தொகுதியிலும் இப்பவே ஆள் பழகணும். எம்.எல்.ஏ. ஆயிட்டு எம்.பி.யும் ஆனா, அரசிதழில் வந்த 14 நாளுக்குள்ள சட்டமன்றத்தை விடணும், விடாட்டி மக்களவை இடம் காலி. 2019ல் கன்னியாகுமரியில் எம்.பி. ஆன வசந்தகுமார் நாங்குநேரி எம்.எல்.ஏ. பதவியை விட்டது இதுக்குத்தான். கவுன்சிலருக்கு இந்த 14 நாள் விதி கிடையாது.