மழைக்கு முந்தி வர்ற சூறைக்காத்தை ஏர்போர்ட் ரிப்போர்ட்ல கண்டுபிடிக்க முடியுங்களா?

கேள்வி (அன்னூர்):
நேந்திரன் வாழை போட்டிருக்கோமுங்க, தார் தள்ளி நிக்குது. சித்திரை வைகாசில மழையை விட அதுக்கு முந்தி அடிக்கிற காத்துதான் மரத்தைச் சாய்க்குது. கோவை ஏர்போர்ட்ல அரை மணிக்கொருக்கா காத்து விவரம் போடறாங்களே, அதுல எதைப் பார்க்கணுமுங்க?

பதில் 1:
காத்தை விட வெப்பநிலையை முதல்ல பாருங்க. மெட்டார்ல (ஏர்போர்ட் போடற அந்த வானிலை ரிப்போர்ட்தான்) 37/19னு இருந்தா வெப்பநிலை 37, பனிநிலை (காத்துல இருக்கிற ஈரம் நீராகத் தொடங்கற வெப்பநிலை) 19. வித்தியாசம் 18. டிகிரிக்கு 125 மீட்டர் வச்சா மேகத்தோட அடி சுமார் 2,250 மீட்டர் உயரத்துல நிக்குது. அங்கிருந்து விழற மழை, வறண்ட காத்துல பாதி வழியிலயே ஆவியாகும். அப்போ சுத்தியிருக்கிற காத்து குளுந்து, கனத்து, வேகமா இறங்கித் தரையில மோதி நாலாப் பக்கமும் ஓடும். உங்க மரத்தைச் சாய்க்கறது அதுதான். பாலக்காட்டுக் கணவாய் வழியா ஆடில வர்ற மேகாத்து (மேற்குக் காத்து) நாள் பூரா ஒரே திசைல அடிக்கும். இது கொஞ்ச நேரத்துல அடிச்சு ஓஞ்சிடும்.

மத்தியானம் 2 மணிக்கு வித்தியாசம் 15க்கு மேல இருந்து, மேகத்தோட 'சிபி'ன்னும் (இடி மேகம்) போட்டிருந்தா உஷாராயிருங்க. '24010கேடி'ன்னா தென்மேற்கிலிருந்து 10 நாட். அது '04022ஜி38கேடி' ஆச்சுன்னா வடகிழக்கிலிருந்து 22, திடீர் வீச்சு 38 நாட், அதாவது மணிக்கு 70 கி.மீ.; அந்தச் சூறைக்காத்து ஏர்போர்ட்டைத் தொட்டிருச்சுன்னு அர்த்தம். நேரம் யூடிசில (உலகப் பொது நேரம்) இருக்கும், 5:30 கூட்டிக்குங்க.

பதில் 2:
வித்தியாசக் கணக்கு சரிங்க. ஆனா காத்து மாறினதைப் பார்த்துட்டு ஓடினா அன்னூருக்குப் பத்தாது. ஏர்போர்ட் உங்களுக்குத் தெற்கே 20 கி.மீ.க்கு மேல. சத்தியமங்கலம் மலைப் பக்கமிருந்து இறங்கற இடி மேகம் உங்களைத்தான் முதல்ல தொடும். தெற்கேயிருந்து வந்தாலும், மணிக்கு 40 கி.மீ. வேகத்துல அரை மணி நேரந்தான் கையில இருக்கும். ரிப்போர்ட் வரவே அவ்வளவு நேரமாயிடும்.

ரேடார்லயும் இந்தக் காத்து தெரியாது. கொச்சி ரேடார் கதிர் கோவைக்கு மேல வர்றப்போ தரையிலிருந்து சுமார் ரெண்டு கி.மீ. உயரத்துக்குப் போயிடுது, காத்து அதுக்குக் கீழ ஓடுது. மேகத்தை மட்டும் ரேடார்ல பார்த்துட்டு, அது போற திசைக்கு விண்டி (Windy) ஆப்ல 700 எச்பிஏ காத்தை, அதாவது சுமார் 3 கி.மீ. உயரத்துக் காத்தைப் பாருங்க. கூடவே தாமினி ஆப் போட்டுக்குங்க, 40 கி.மீ.க்குள்ள மின்னல் வந்தாலே சொல்லும்.

கேட்டவர்:
நன்றிங்கண்ணா. அந்த அரை மணில தோட்டத்துல என்ன செய்யறதுங்க?

பதில் 3:
அதுக்குள்ள ஒண்ணும் ஆகாதுங்க, முட்டு முன்னமே நிக்கணும். இந்தக் காத்து எந்தப் பக்கமும் திரும்பும், ஒத்தைக் கம்பு தாங்காது. ரெண்டு சவுக்குக் கம்பைக் கத்திரியாக் கட்டி, தாருக்குக் கீழ கழுத்துல கொடுங்க. காலைல வித்தியாசம் பெருசாகும்போலத் தெரிஞ்சா அன்னிக்குத் தண்ணி கட்டாதீங்க. மண்ணு இளகியிருந்தா முட்டு இருந்தாலும் வேரோட சாயும்.