காலவித்தைப் பல்கலைக்கழகத்தில் திருத்தத் துறை வேண்டுமா?

நாழிகைவட்டில்:
நாங்கள் சிலர் சேர்ந்து எழுதும் மாயக்கதைத் தொடருக்காக ஒரு காலவித்தைப் பல்கலைக்கழகத்தை உருவாக்கி வருகிறோம். அளவைத் துறை, இலக்கணத் துறை, காத்திருப்புத் துறை என்று மூன்று முடிவாகிவிட்டன. நாலாவதாகத் திருத்தத் துறை வேண்டும், அங்கே படிப்பவர்கள் நடந்து முடிந்ததைப் போய் மாற்றலாம் என்று வெள்ளிமீன் கேட்கிறார். நான் எதிர்க்கிறேன்.

திருத்தலாம் என்று ஒரு முறை வந்துவிட்டால் அப்புறம் கதையில் எந்தச் சாவுக்கும் கனம் இருக்காது. வாசகர் அழமாட்டார், ஆள் எந்தப் பக்கத்தில் திரும்பி வருகிறார் என்று புரட்டிப் பார்ப்பார். இயற்கையும் முன்னே போகத்தான் விடுகிறது. 1971-ல் ஹாஃபெலே, கீட்டிங் என்ற இரண்டு விஞ்ஞானிகள் நாலு சீசியம் அணுக்கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் ஏற்றி உலகைச் சுற்றி வந்தார்கள். கிழக்கே போனபோது அவை தரையில் இருந்த கடிகாரத்தைவிடச் சுமார் 59 நானோ நொடி பின்தங்கின. அவற்றுக்குக் காலம் குறைவாக ஓடியிருக்கிறது, அதாவது அத்துணூண்டு நேரம் அவை எதிர்காலத்துக்குள் குதித்துவிட்டன என்று பொருள். புராணத்திலும் இதே கதைதான். மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போன ககுத்மி ராஜா, அங்கே பாட்டுக் கச்சேரி முடியட்டும் என்று காத்திருந்தார். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகம், அதாவது நான்கு யுகங்களும் சேர்ந்த சுற்று 27 தடவை, ஓடிவிட்டது. பிரம்மாவே அதைத் திருப்பித் தரவில்லை.

வெள்ளிமீன்:
அண்ணா, ககுத்மி கதையைப் பாதியில் நிறுத்திவிட்டீர்கள். கூடப் போன ரேவதியை நினைத்துப் பாருங்கள். திரும்பி வந்தபோது அவளுக்குத் தெரிந்த ஒரு முகம்கூடப் பூமியில் இல்லை. கட்டிக்கொடுத்த பலராமரின் காலத்து மனிதர்களைவிட அவள் மிக உயரம். அதனால் அவர் கலப்பை நுனியால் அவளைக் குறைத்தார் என்கிறது விஷ்ணு புராணம். காலத்தில் விழுந்த பிழையைச் சரிசெய்ய ஆளில்லாததால் அந்தப் பெண்ணின் உடம்பைச் சரிசெய்தார்கள். எனக்கு அந்த இடத்தைத் தாண்டிப் படிக்கவே முடிவதில்லை. என் திருத்தத் துறையின் முதல் மாணவி ரேவதி மாதிரி ஒருத்திதான்.

இயற்கை விடாது என்பதும் முழுக்கச் சரியில்லை. ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்கு 1949-ல் கூர்ட் கேடல் என்ற கணித மேதை கண்ட ஒரு தீர்வில், கடந்த காலத்துக்கே திரும்பும் பாதை உண்டு. அதற்குப் பிரபஞ்சம் முழுவதும் சுழல வேண்டும், நம்முடையது அப்படிச் சுழல்வதாகத் தெரியவில்லை, சரி. ஆனால் நாம் எழுதுவது வேறொரு உலகம்தானே?

சிரட்டைக்காரர்:
இருவருமே அளவைத் துறையைத் தாண்டி ஓடுகிறீர்கள். போன மாதம் தொடருக்காக நானே ஒரு நாழிகை வட்டில், அதாவது ஓட்டை வழியே தண்ணீர் ஏறி முங்கும் நேரத்தை வைத்துப் பொழுதை அளக்கும் கிண்ணம், செய்து பார்த்தேன். தேங்காய்ச் சிரட்டையை நன்றாகச் சுரண்டி, பழுக்கக் காய்ச்சிய ஊசியால் அடியில் ஓட்டை போட்டு, அண்டாத் தண்ணீரில் மிதக்கவிட்டேன். நாலே நிமிடத்தில் முங்கிவிட்டது. ஓட்டையை மெழுகால் அடைத்து இன்னும் சின்னதாகக் குத்தினேன். 24 நிமிடத்துக்கு, அதாவது ஒரு நாழிகைக்குக் கொண்டுவர மூன்று நாள் பிடித்தது. அதிலும் பால் பொங்குகிறதே என்று அடுப்படிக்குப் போய் வந்தேன், அதற்குள் சிரட்டை அடியில் கிடந்தது. எப்போது முங்கியது என்று சொல்ல யாருமில்லை. அந்த நாழிகையே கைவிட்டுப் போனது.

பாசறையில் இருக்கும் அரசனிடம் கன்னல் என்ற நீர்க்கடிகாரத்தைப் பார்த்துப் பொழுது சொல்லும் ஆட்கள் முல்லைப்பாட்டில் வருகிறார்கள். பொய்யா மாக்கள் என்று அவர்களுக்குப் பெயர். ஒரு நாளுக்கு 60 நாழிகை, அறுபது தடவை வட்டிலை எடுத்துக் கவிழ்த்து மறுபடி மிதக்கவிட வேண்டும். கண்ணை எடுக்காமல் உட்கார்ந்திருந்தவனுக்குத்தான் நம் பல்கலைக்கழகத்தில் வித்தை கைகூட வேண்டும். திருத்தத் துறை வரட்டும், ஆனால் எடுக்கும் ஒவ்வொரு நாழிகையும் அவரவர் ஆயுளில் கழியட்டும்.

பின்வரிசை:
இலக்கணத் துறை என் பொறுப்பு என்பதால் இது. மந்திரங்களுக்கு வாயில் நுழையாத சொற்களைத் தேட வேண்டாம், தொல்காப்பியத்திலேயே வழி இருக்கிறது. வாசலில் நின்று "நேரமாச்சு, வா" என்று கத்தினால், உள்ளே தலை வாரிக்கொண்டே "இதோ வந்துட்டேன்" என்கிறோம். இன்னும் வரவில்லை, வரப்போகிறோம். ஆனாலும் வந்தாயிற்று என்று சொல்கிறோம். விரைவு காட்ட இப்படி இறந்த காலத்தில் சொல்லலாம் என்று தொல்காப்பியர் அனுமதிக்கிறார். கால வழுவமைதி என்பது இதைத்தான். நம் மாணவர்கள் இனி நடக்க வேண்டியதை நடந்ததாகச் சொல்வார்கள், சொன்ன சொல்லுக்கு உலகம் கட்டுப்படும். இது வரப்போவதை மட்டும் கட்டும். நடந்ததைத் தொடாது. அதனால் என் ஓட்டு நாழிகைவட்டிலுக்கு.

வெள்ளிமீன்:
பின்வரிசை, உங்கள் எடுத்துக்காட்டைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் போனைக் கீழே வைத்துவிட்டேன். என் அப்பா கடைசியாகப் பேசியது அதே சொல்தான். பஸ் ஸ்டாண்டிலிருந்து, "வந்துட்டேன்மா, சோத்தப் போடு." தட்டு வைத்து, ரசத்தைத் திரும்பச் சுடவைத்து, அப்பளத்தையும் பொரித்தேன். அவர் வரவில்லை. வழியிலேயே நெஞ்சுவலி.

வந்துட்டேன் என்று இறந்த காலத்தில் சொன்ன ஒரு சொல் இன்னும் நடக்காமலே நிற்கிறது. உங்கள் இலக்கணப்படி உலகம் அதற்குக் கட்டுப்பட்டிருக்க வேண்டும் அல்லவா? திருத்தத் துறை கேட்டபோது போர்களையும் அரசர்களையும் நான் நினைக்கவில்லை. இப்படி நிற்கும் சொற்களைத்தான் நினைத்தேன். வாசகர் அழமாட்டார் என்கிறீர்களே அண்ணா, திருத்தப் போய்த் திருத்த முடியாமல் திரும்புகிறவளுக்காகவும் அழமாட்டாரா?

நாழிகைவட்டில்:
தங்கச்சி, உங்களுக்கு இப்படி ஒன்று நடந்திருப்பது தெரியாமல் வாதாடிக்கொண்டிருந்தேன். மன்னியுங்கள்.

சாவை மாற்றக்கூடாது என்பதில் இப்போதும் நிற்கிறேன். ஆனால் துறை இருக்கட்டும். அங்கே சாவைத் தொட வேண்டாம், சொன்ன சொல் மட்டும் நிறைவேறட்டும். வருகிறேன் என்றவர் வருவார், உட்கார்ந்து சாப்பிடுவார், போய்விடுவார். சிரட்டைக்காரர் கேட்டபடி அந்த ஒரு நாழிகை மாணவியின் ஆயுளில் கழியும். வட்டில் முங்கும்வரை அவள் கண்ணை எடுக்கக் கூடாது.

பின்வரிசை:
அப்படியானால் அவள் அப்பாவைப் பார்ப்பாளா, வட்டிலைப் பார்ப்பாளா?

சிரட்டைக்காரர்:
வட்டிலைப் பார்க்க நான் உட்காருகிறேன். துறையில் அதற்கென்று ஒருவர் இருக்கட்டும்.

வெள்ளிமீன்:
சிரட்டைக்காரர் உட்காருவதானால் எனக்குச் சம்மதம். ஆனால் ஒரு நாழிகை போதாது அண்ணா. எங்கள் அப்பா சாப்பிட்டுக் கை கழுவவே அரை மணி நேரம் ஆகும்.