மறு: மெய்யை நெய்து கட்டும் கலைக்கு என்ன பெயர்?

வணக்கம்.

கற்பனைக் கதைகளில் மெய்யையே நெய்து கட்டும் கலைக்குத் தமிழ்ப் பெயர் தேடும் இந்த உரையாடலில் ‘மாயநெசவு’ என்ற பரிந்துரைக்கு ஆதரவு கூடி வருவதால் இப்போதே சொல்லிவிடுகிறேன்: அந்தச் சொல் வேண்டாம். மாயம் என்பது இல்லாததை இருப்பதாகக் காட்டுவது. ‘மாயமாகிவிட்டது’ என்றாலே காணாமல் போனது என்றுதான் பொருள். நாம் பெயர் தேடும் கற்பனைக் கலையோ இதற்கு நேரெதிர். காலம், எடை, ஒளி ஆகியவற்றிலிருந்து இழை எடுத்து, பாலமாகவும் கோட்டையாகவும் நெய்கிறார்கள். நெய்தவர் இறந்த பிறகும் அது நிற்கிறது. மந்திரவாதி எழுப்பும் கோட்டை அவன் கவனம் சிதறியதும் கலைந்துவிடும். இந்த வேறுபாடு பெயரிலேயே தெரிய வேண்டும்.

என் பரிந்துரை ‘மெய்ந்நெசவு’. மெய்ந்நெறி போலவே இங்கும் ‘ந’ என்ற எழுத்து இரட்டிக்கும்.

‘மெய்’ ஏன் என்றால், ‘யதார்த்தம்’ இலக்கிய விமர்சனத்தோடு ஒட்டிப்போன சொல். ‘யதார்த்த நெசவு’ என்றால் ஏதோ எழுத்துப் பாணி போலிருக்கிறது. ‘உண்மை’ பெரும்பாலும் ஒரு கூற்றைப் பற்றியது. மெய்க்கு உண்மை என்ற பொருளும் உண்டு, உடம்பு என்ற பொருளும் உண்டு. தொட்டால் கைக்கு அகப்படுவது என்ற உணர்வு அதில் இருக்கிறது. ‘மெய்நிகர்’ ஏற்கெனவே புழக்கத்துக்கு வந்துவிட்டதால் வாசகருக்கும் தடுமாற்றம் இருக்காது.

நெசவு தட்டையான துணியைத்தானே தரும், கட்டுமானத்துக்கு ‘முடைதல்’தானே பொருந்தும் என்று கேட்டிருந்தீர்கள். நல்ல கேள்வி. கூடை முடையத் தறி தேவையில்லை, முடையும்போதே வடிவம் எழுந்து நின்றுவிடும். பொருள் நோக்கில் முடைதல் அருமையாகவே பொருந்துகிறது. ஆனால் அதன் பெயர்ச்சொல் நம்மைக் கைவிடுகிறது. ‘முடை’ என்றதும் முடைநாற்றமும் பணமுடையும்தான் முந்திக்கொண்டு வருகின்றன. தவிர, இந்தக் கலையின் இயக்கமே தறியின் நெடுக்கிழையான பாவும் குறுக்கிழையான ஊடையும்தான். இழுத்துக் கட்டிய பாவு, மனிதரால் மாற்ற முடியாதது: நேரம் ஓடுவது, பொருள் கீழே விழுவது. குறுக்கே ஓடும் ஊடை, நெய்பவரின் எண்ணம். தறியிலிருந்து அறுத்தெடுத்த பிறகும் இழைகள் ஒன்றையொன்று பிடித்துக்கொள்வதால் துணி துணியாகவே இருக்கிறது. நெய்தவர் போன பின்னும் கோட்டை நிற்பதற்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் எனக்குத் தெரியவில்லை.

ஒரு கலைச்சொல் தனியாக நின்றால் போதாது, குடும்பம் பெருக வேண்டும். மெய்ந்நெசவர், மெய்யிழை, மெய்த்தறி எல்லாம் இயல்பாகவே வருகின்றன. பாவு, ஊடை, ஊடையைக் குறுக்கே கொண்டுசெல்லும் நாடா ஆகியவற்றுக்கு முன்னொட்டே வேண்டாம், நெசவாளர் சொல்வதுபோல அப்படியே எழுதலாம். உலகிலிருந்து இழை எடுக்கும் முதல் வேலையை ‘நூற்றல்’ என்போம். சொல்லைப் பஞ்சாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், மதியை, அதாவது அறிவை, நூல் நூற்கும் கதிராகவும் உருவகித்த இலக்கண நூலான நன்னூல் நம்மிடம் இருக்கிறது. கைக்குச் சிக்காத ஒன்றை நூற்பது தமிழுக்குப் புதிதல்ல.

அப்புறம், நெய்து முடித்த கட்டுமானத்துக்கு ஒரு பெயர். யாத்தல் என்றால் கட்டுதல், பிணித்தல். அதனால் ‘யாப்பு’ என்றே வைக்கலாம். செய்யுளுக்கு உரிய சொல் ஆயிற்றே என்ற தயக்கம் வேண்டாம், சிதறாமல் பிணிக்கப்பட்டது என்ற பொருள் இரண்டுக்கும் பொது. ஆனால் யாரோ எழுதியிருந்த ‘நிலையாப்பு’ கூடவே கூடாது. கண் அதை ‘நிலையா’ என்று பிரித்துப் படித்துவிடும், பொருள் தலைகீழாகிவிடும். ‘மெய்யாப்பு’ என்று சேர்த்தாலும் அதே ஆபத்து, அதில் ‘ஆப்பு’ துருத்திக்கொண்டு நிற்கிறது. தனியாக யாப்பு போதும்.

இன்னும் முடிவாகாதது ஒன்று: ஒரு யாப்பை இழை இழையாகக் கலைக்கும் வேலைக்கு என்ன பெயர்? ‘அவிழ்த்தல்’ முடிச்சுக்குத்தான் சரி, ‘பிரித்தல்’ மிகப் பொதுவாக இருக்கிறது. இப்போதைக்கு ‘இழைபிரிப்பு’ என்று எழுதி வருகிறேன். தறியில் வேலை செய்தவர்கள் இங்கே இருந்தால், தவறாக நெய்த பகுதியைக் கலைப்பதை உங்கள் பக்கம் எப்படிச் சொல்வீர்கள் என்று எழுதுங்கள். அந்தச் சொல் கிடைத்தால் என்னுடையதை விட்டுவிடலாம்.