பக்கத்துப் பூமி விலைக்குப் போனால் தடப் பாத்தியமும் போய்விடுமா?

வடக்குத்தோட்டம் (கேள்வி):
எங்கள் பூமி கோபிசெட்டிபாளையம் பக்கம் உள்ளது. 1987-இல் அப்பாவும் பெரியப்பாவும் பாகம் பிரித்துக்கொண்டபோது வடபாதி எங்களுக்கும், தார்ச்சாலையை ஒட்டிய தென்பாதி பெரியப்பாவுக்கும் வந்தன. அவர் பாகத்தின் கிழக்கோரத் தடத்தில்தான் அன்று முதல் எங்கள் வண்டியும் டிராக்டரும் போய்வந்தன. சென்ற ஆண்டு பெரியப்பா மகன் தென்பாதியை வெளியூர்க்காரருக்குக் கிரையம் செய்துவிட்டார். வாங்கியவர் இரண்டு மாதங்களுக்கு முன் தடத்தின் வாயிலில் கல்கால் நட்டு முள்கம்பி இழுத்துவிட்டார். தம் கிரையப் பத்திரத்தில் தடத்தைப் பற்றிய பேச்சே இல்லை என்றும், எங்கள் வடவெல்லையில் ஊராட்சி மண்சாலை வந்துவிட்டதால் இனி அது எங்களுக்குத் தேவையில்லை என்றும் சொல்கிறார். இது சரியா?

முன்சீப் கோர்ட் வாசல்:
முதல் வாதம் நிற்காது. விற்றவர் தம்மிடம் இருந்ததைத்தான் விற்க முடியும். பாகப்பத்திரம் பதிவானதாக இருந்தால், வாங்கியவர் அதைப் படித்தாரோ இல்லையோ, அறிந்தவராகவே சட்டம் கருதும். இரண்டாவது வாதத்தில்தான் கவனம் வேண்டும். அடுத்தவர் நிலத்தில் வழி போன்ற அனுபவ உரிமைகளைப் பற்றிய 1882-ஆம் ஆண்டு ஈஸ்மெண்ட் சட்டத்தின் 13-ஆம் பிரிவின்படி, வேறு வழியே இல்லை என்ற அவசியத்தால் கிடைக்கும் பாதை, அந்த அவசியம் தீர்ந்ததும் 41-ஆம் பிரிவின்படி முடிந்துபோகும். பத்திரத்தில் எழுதிக் கொடுத்த பாத்தியம் அப்படி முடியாது. தமிழகத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2006-இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. ஆகவே பாகப்பத்திரத்தின் வாசகத்தை முதலில் பாருங்கள்.

பழைய பத்திரம்:
வாசகம் இல்லாவிட்டால் 15-ஆம் பிரிவின்படி இருபதாண்டு அனுபவத்தைக் காட்டலாம். ஆனால் அது உரிமையாக அனுபவித்ததாக இருக்க வேண்டும். பங்காளி என்ற முறையில் பெரியப்பா விட்டுவைத்த அனுமதிதான் அது என்று எதிர்த்தரப்பு சொல்லும். அது நிரூபணமானால் நாற்பது ஆண்டு நடந்திருந்தாலும் பயனில்லை. தவிரவும், அந்த இருபதாண்டு வழக்குத் தொடுப்பதற்கு முந்தைய இரண்டு ஆண்டுகளுக்குள் முடிந்ததாக இருக்க வேண்டும் என்பதால், சமரசம் பேசியே காலத்தைக் கடத்திவிடாதீர்கள்.

வடக்குத்தோட்டம்:
பத்திரத்தை எடுத்துப் பார்த்தேன். பதிவானதுதான். “தென்பாகத்தின் கிழக்கோரம் தென்வடலாக உள்ள 10 அடி அகலத் தடத்தில் ஆள் நடக்கவும், வண்டி, கால்நடைகள் ஓட்டிச் செல்லவும் வடபாகத்தாருக்குப் பாத்தியம் உண்டு” என்று அப்பா பாகத்துக்குக் கீழே எழுதியிருக்கிறது. டிராக்டர் என்ற சொல் இல்லை.

முன்சீப் கோர்ட் வாசல்:
இதற்கு மேல் என்ன வேண்டும்? இது எழுதிக் கொடுத்த பாத்தியம்; மண்சாலை வந்ததால் அழியாது. வண்டி என்றால் மாட்டுவண்டி மட்டும்தான் என்று வாதாடிப் பார்ப்பார்கள். அதனால் டிராக்டர் வழக்கமாகப் போய்வந்ததற்கு அக்கம்பக்கத்து விவசாயிகள் இருவரையாவது சாட்சிக்குத் தயாராக வைத்திருங்கள். வழக்குரையில் (கோர்ட்டில் நீங்கள் கொடுக்கும் வழக்கு மனுவில்) அவசியப் பாதை என்று முதன்மையாக எழுத விடாதீர்கள். மண்சாலையைக் காட்டி அதை எளிதில் உடைத்துவிடுவார்கள். கம்பியை நீங்களே வெட்டினால் குற்ற வழக்கு வந்து சேரும். பாத்தியத்தை விளம்புகை செய்யவும் (அது உங்களுக்கு உண்டு என்று கோர்ட் அறிவிக்கவும்), வேலியை அகற்றச் செயலுறுத்துக் கட்டளை (ஒன்றைச் செய்யும்படி கோர்ட் இடும் உத்தரவு) பிறப்பிக்கவும் கோருங்கள். வண்டிச்சுவடு மழையில் அழிவதற்குள் வழக்கறிஞர் ஆணையரை (இடத்தைப் பார்த்து அறிக்கை தரக் கோர்ட் நியமிக்கும் வழக்கறிஞரை) அனுப்பி அளக்கச் சொல்லி உடனே மனுப் போடுங்கள்.