லெஜண்ட் புத்தகங்கள்: கதையை முதல்ல படிக்கணுமா, வரலாறை முதல்ல படிக்கணுமா?

இரவுவாசகி:
எல்லாருக்கும் வணக்கம். கொஞ்ச நாளா ஆர்தர் மன்னர், ராபின் ஹூட், ட்ராய் போர், அலெக்ஸாண்டர்னு இந்த மாதிரி ஆட்களைப் பத்தின புத்தகமா தேடித்தேடி படிச்சுட்டு இருக்கேன். படிக்கிறப்ப அப்படியே உள்ள இழுத்துட்டுப் போயிடுது, புத்தகத்த மூடினதும்தான் மண்டைக்குள்ள குடையுது, இதுல எது நடந்தது, எது பின்னாடி வந்தவங்க கட்டினதுன்னு. சிலர் வாழ்ந்த ஆளுங்க, சிலர் வாழ்ந்தாங்களான்னே தெரியல, சிலர் முழுக்க கற்பனை, ஆனா கடையில மூணும் ஒரே ஷெல்ஃப்லதான் இருக்கு. என் ஃப்ரெண்ட் ஒருத்தி முதல்ல வரலாறைப் படிச்சுட்டு அப்புறம் கதைக்குப் போ, இல்லன்னா குழம்பிடுவேங்கறா. எனக்கு அது ருசியைக் கெடுத்துடுமோன்னு இருக்கு. நீங்கல்லாம் எப்படிப் படிக்கிறீங்க? நல்ல புத்தகம் இருந்தா பேரையும் சொல்லுங்க ப்ளீஸ்.

பழையபக்கம்:
கதையையே முதல்ல படிங்க, தயங்காதீங்க. ஆனா படிச்சு முடிச்சப்புறம் அந்தக் கதையோட ரொம்பப் பழைய வடிவம் எதுன்னு தேடிப் படிங்க, அங்கதான் நிஜமான சுவாரஸ்யமே இருக்கு.

ஆர்தரையே எடுத்துக்குங்க. அவர் வாழ்ந்ததா சொல்ற காலத்துக்குக் கிட்டத்துல, 6ஆம் நூற்றாண்டுல எழுதின கில்டாஸ்ங்கற துறவி, பிரிட்டன்காரங்க சாக்சன் படையை ஜெயிச்ச பேடன் போரைப் பத்திச் சொல்றார், ஆனா ஆர்தர்ங்கற பேரே அதுல இல்ல. 9ஆம் நூற்றாண்டுல வந்த லத்தீன் நூல் ஒண்ணுலதான் ஆர்தர் படைத்தலைவனா வர்றார், 12 போர் பண்ணினார், பேடன் போர்ல ஒரே நாள்ல 960 பேரைத் தானே வீழ்த்தினார்னு அதுல இருக்கு. அந்த 960ங்கற எண்ணிக்கையைப் பார்த்ததுமே தெரிஞ்சுடுது இல்லையா, கதை அப்பவே வளர ஆரம்பிச்சிடுச்சுன்னு. அப்புறம் 1136 வாக்குல ஜெஃப்ரி ஆஃப் மான்மத் எழுதின நூல்ல மந்திரவாதி மெர்லினோட சேர்த்து ஒரு முழு ராஜா வாழ்க்கையே வந்துடுது. வட்ட மேசை 1155ல வேஸ்ங்கற கவிஞர் எழுதினதுல வருது. லான்ஸ்லாட்ங்கற வீரன், ஆர்தரோட ராணியோட அவனுக்கு வர்ற காதல் இதெல்லாம் அதே நூற்றாண்டுல கிரெட்டியன் டி ட்ருவாங்கற ஃப்ரெஞ்ச் கவிஞர் கொண்டு வந்தது. எல்லாத்தையும் மாலரிங்கற இங்கிலீஷ் எழுத்தாளர் ஒண்ணா சேர்த்து எழுத, 1485ல அது அச்சுல வந்துச்சு, இன்னைக்கு நாம ஆர்தர் கதைன்னு சொல்றது பெரும்பாலும் அதைத்தான். ஒவ்வொரு காலமும் தனக்கு என்ன வேணுமோ அதை அந்த ஆள் மேல ஏத்திட்டே போயிருக்கு. இது தெரிஞ்சதும் மாலரி எனக்குக் கசக்கல, இன்னும் பிடிச்சுப் போச்சு. சாகப்போற ஆர்தர் வாளைத் தண்ணில வீசிட்டு வான்னு தன்னோட வீரன் பெடிவியரை அனுப்புவார், அவர் மனசு வராம ரெண்டு தடவை ஒளிச்சு வெச்சுட்டு வந்து பொய் சொல்லுவார், அந்த இடத்தை ஒருதரம் படிச்சுப் பாருங்க.

மணற்கடிகை:
பழையபக்கம் சொல்றது நல்லா இருக்கு, ஆனா எல்லாருக்கும் அது சரிவராதுன்னு நினைக்கிறேன். கண்டிப்பா வாழ்ந்த ஆள்னா வரலாறைத்தான் முதல்ல படிக்கணும். அலெக்ஸாண்டருக்கு ஆரியன்ங்கற கிரேக்க வரலாற்றாசிரியர் எழுதினதைப் படிங்க, அவரே அலெக்ஸாண்டர் செத்து 400 வருஷத்துக்கும் மேல கழிச்சு எழுதினவர்தான், ஆனா கூடவே போருக்குப் போன டாலமி, அரிஸ்டோபுலஸ் ரெண்டு பேரும் எழுதி வெச்சதை ஆதாரமா எடுத்துக்கிட்டவர். ஊர் ஊரா படை எப்படிப் போச்சு, எங்க ஆறு கடந்தாங்கன்னு ஒரு பிடிமானம் கிடைக்கும்.

அதைப் படிச்சுட்டு அலெக்ஸாண்டர் ரொமான்ஸ்னு சொல்ற கதைத் தொகுப்புக்குப் போங்க, அப்பதான் அதோட அருமை தெரியும். அதுல அலெக்ஸாண்டர் கண்ணாடிக் கூண்டுல உட்கார்ந்து கடலுக்கடியில போறார், பறவைகளைக் கட்டி வானத்துல பறக்கறார். அவரோட சமையல்காரன் கருவாட்டை ஒரு ஊத்துத் தண்ணில அலசறான், அது உயிர் வந்து துள்ளிடுது, சாகா வரம் தர்ற தண்ணி அதுதான்னு அவன் மூடி மறைச்சுடறான், அலெக்ஸாண்டருக்கு அது கடைசி வரைக்கும் கிடைக்கல. எனக்கு அந்தத் தொகுப்புல ரொம்பப் பிடிச்ச இடம் இது. உலகத்தையே ஜெயிச்சவன் 32 வயசுல செத்துட்டான்ங்கறது மக்களுக்கு எவ்வளவு உறுத்தியிருந்தா இப்படி ஒரு கதை கட்டியிருப்பாங்க? அவன் அந்த வயசுல செத்தான்னு முன்னாடியே தெரிஞ்சவங்களுக்குத்தான் இது முழுசா உறைக்கும்.

இன்னொண்ணு, பாரசீகத்தை ஜெயிச்சு அதோட தலைநகரை எரிச்சவன் அவன், ஆனா பாரசீகக் கவிஞர் ஃபிர்தௌசியோட ஷாநாமா காவியத்துல சிக்கந்தர், அதாவது அலெக்ஸாண்டர், பாரசீக ராஜாவுக்கே பொறந்த மகன், அவன் தோக்கடிச்ச தாராவுக்கே அண்ணன். தோத்த ஜனம் ஜெயிச்சவனைத் தன் ரத்தமாவே மாத்திக்கிச்சு.

செப்பேடு:
தமிழ்ல படிக்கிறவங்களுக்கு இதுக்குப் பொன்னியின் செல்வனை விட நல்ல பயிற்சி இல்லைங்க. 1950லேர்ந்து 54 வரைக்கும் கல்கி தொடரா எழுதினது. எல்லாரும் நாவலைப் படிச்சிருப்போம், அதுக்கப்புறம் உடையார்குடிக் கல்வெட்டைப் பத்திப் படிச்சவங்க எத்தனை பேர்? ராஜராஜனோட 2ஆம் ஆட்சியாண்டுல வெட்டினது. ராஜராஜனோட அண்ணன் ஆதித்த கரிகாலனைக் கொன்ன துரோகிகள்னு சோமன், ரவிதாசன், பரமேஸ்வரன்னு பேரோட இருக்கு. அந்தக் கல்வெட்டு கொலையை விவரிக்கறதுக்காக வெட்டினது இல்ல, அவங்க ஆளுங்களோட நிலத்தைப் பறிச்சு வித்த கணக்கு, அதுல போற போக்குல ஒரு கொலை பதிவாகியிருக்கு. ரவிதாசனுக்கு பஞ்சவன் பிரம்மாதிராஜன்னு பட்டம் வேற, அதாவது சர்க்கார்ல பெரிய பதவில இருந்த ஆள். நாவல்ல அவன் மந்திரவாதியா காட்டுக்குள்ள ஆந்தை மாதிரி கத்திக்கிட்டுத் திரியறான்.

வந்தியத்தேவன் பேரும் தஞ்சைக் கல்வெட்டுல இருக்கு, குந்தவையோட கணவர்ங்கற அளவுக்குத்தான். நந்தினியும் ஆழ்வார்க்கடியானும் முழுக்க கல்கியோட கற்பனை. ஆனா நந்தினி இல்லாம அந்தக் கொலைக்கு ஒரு மனசு கிடைக்காதே. கல்லுல பேர் இருக்கு, காரணம் இல்ல, அந்தக் காலி இடத்துலதான் கல்கி நந்தினியை வெச்சிருக்கார். நாவல்லயும் யார் குத்தினதுன்னு அடிச்சு சொல்லாம விட்டிருப்பார் பாருங்க, அதை நான் பெரிய நேர்மையா நினைக்கிறேன். அடுத்ததா நீலகண்ட சாஸ்திரியோட சோழர்கள், சதாசிவ பண்டாரத்தாரோட பிற்காலச் சோழர் வரலாறு ரெண்டையும் எடுங்க. அவசரப்படாம படிக்க வேண்டிய புத்தகங்கள், ஆனா நாவல்ல வர்ற பேர் ஒவ்வொண்ணும் அங்க எதிர்ப்படும்போது கிடைக்கிற சந்தோஷம் தனி.

இரவுவாசகி:
ரொம்ப நன்றிங்க எல்லாருக்கும். அந்தக் கருவாட்டுக் கதையை எங்கயும் கேள்விப்பட்டதே இல்ல! ட்ராய் பத்தியும் யாராவது சொல்லுங்களேன், அங்க தோண்டி எடுத்துட்டாங்கன்னா அப்ப அது நிஜம்னுதானே அர்த்தம்?

பழையபக்கம்:
ஊர் நிஜம், கதை நிஜம்னு அதை வெச்சுச் சொல்ல முடியாது. ஷ்லீமன்ங்கற ஜெர்மன்காரர் 1870கள்ல துருக்கியில இருக்கற ஹிசார்லிக் மேட்டைத் தோண்டினார், 1873ல கிடைச்ச தங்க நகைகளைக் கதையில வர்ற ட்ராய் ராஜா பிரியமோட புதையல்னு அறிவிச்சுட்டார், அது போர் நடந்ததா சொல்ற காலத்துக்கு சுமார் ஆயிரம் வருஷம் முந்தினதுன்னு அப்புறம்தான் தெரிஞ்சது. அங்க ஒண்ணு மேல ஒண்ணா பல நகரங்கள் அடுக்கடுக்கா இருக்கு.

ட்ராய் போரைப் பாடற ஹோமரோட இலியட் காவியம் படிக்கப் போறீங்கன்னா ஒண்ணு முன்னாடியே சொல்லிடறேன், மரக்குதிரை அதுல வராது. பிரியமோட மகன் ஹெக்டரோட இறுதிச்சடங்கோட காவியம் முடிஞ்சுடும், குதிரைக்கு ஒடிஸியும் வர்ஜிலோட ஈனியட் 2ஆம் பகுதியும்தான். ஆனா இலியட்டோட கடைசிப் பகுதிய மட்டும் விட்டுடாதீங்க. கிழவன் பிரியம் ராத்திரியில எதிரி கூடாரத்துக்குள்ள போயி, தன் பிள்ளையைக் கொன்ன கிரேக்க வீரன் அக்கிலீஸோட கைய முத்தமிட்டு உடம்பைக் கேக்கறான், ரெண்டு பேரும் சேர்ந்து அழறாங்க. இது நடந்ததா இல்லையான்னு அந்த இடத்துல எனக்குக் கேக்கத் தோணல.

மணற்கடிகை:
அதை ஒத்துக்கறேன் 🙏 ராபின் ஹூட் பத்தி ஒரு வரி. பழைய பாட்டுகள்ல அவன் பிரபு கிடையாது, சாதாரண ஆள்தான், காதலி மரியனும் அதுல இல்ல, ராஜா பேரு ரிச்சர்ட் இல்ல எட்வர்ட்.

நாணல்:
லேட்டா வர்றேன், யாரும் கில்கமேஷைத் தொடலையேன்னு எழுதறேன். இன்னைக்கு ஈராக்ல இருக்கற பழைய உருக் நகரத்து ராஜா, சுமேரிய அரசர் பட்டியல்ல 126 வருஷம் ஆண்டார்னு போட்டிருக்கு, அப்படி ஒரு ராஜா இருந்திருக்கலாம்னு பல அறிஞர்கள் நினைக்கிறாங்க. அவரைப் பத்தின காவியம் மண்ணுக்குள்ள 2000 வருஷத்துக்கு மேல யாருக்கும் தெரியாம கிடந்துச்சு, 1872ல ஜார்ஜ் ஸ்மித் பிரிட்டிஷ் மியூசியத்துல உடைஞ்ச களிமண் பலகைகளைப் படிச்சப்பதான் அதுல பெருவெள்ளத்தைப் பத்தின கதை இருக்கறதே தெரிஞ்சது. அதனால இதுக்கு ஆர்தர் மாதிரி மேல மேல பூசின நவீனப் பூச்சு கம்மி, நீங்க படிக்கிறது கிட்டத்தட்ட அந்தப் பலகைதான்.

நண்பன் எங்கிடு செத்ததும் கில்கமேஷ் உடம்பைப் புதைக்க விடமாட்டான், மூக்குலேர்ந்து ஒரு புழு விழற வரைக்கும் பக்கத்துலயே இருப்பான். அதுக்கப்புறம்தான் சாவைப் பத்தின பயம் வந்து ஓட ஆரம்பிக்கறான். நான் மனுஷங்க துக்கத்தைப் பத்தி எழுதினதுல இவ்வளவு நேரா ஒண்ணு படிச்சதில்ல. ஆண்ட்ரூ ஜார்ஜோட இங்கிலீஷ் மொழிபெயர்ப்பு 1999ல வந்தது, பலகை உடைஞ்ச இடம் எதுன்னு மறைக்காம காட்டியிருப்பார், அதைத்தான் வாங்குங்க. சின்னப் புத்தகம், முன்னுரையைக் கடைசில படிச்சாப் போதும்.